தமிழ்ப் பெயர்கள் சிதையாமலிருக்க டெண்டரில் எழுத வேண்டியவை

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். இணையவழிச் சான்றிதழ், குறுஞ்செய்தி, மின்னஞ்சல், பயனாளிகள் பட்டியல் என எதில் தமிழ்ப் பெயர் உடைந்து வந்தாலும் "தமிழ் எழுத்தைக் கணினி சரியாகத் தாங்காது" என்று ஒரே பதிலைச் சொல்லி அனுப்பிவிடுகிறார்கள். அந்தப் பதில் தவறு. எந்த இடத்தில் எது உடையும், உடையாமலிருக்க என்ன செய்ய வேண்டும் என்பதெல்லாம் எப்போதோ எழுதி, எண்ணிட்டு, யாரும் காசில்லாமல் படிக்கும்படி வெளியிடப்பட்டிருக்கிறது. அரசுத் துறைகளும் கூட்டுறவு அமைப்புகளும் பல்கலைக்கழகங்களும் மென்பொருள் வாங்கும்போது டெண்டரில் "யூனிகோடு தமிழ் வசதி இருக்க வேண்டும்" என்று ஒரு வரி போடுவதோடு நிறுத்திக்கொள்கின்றன. அந்த ஒரு வரியை வைத்து எந்த ஒப்பந்ததாரரையும் எதற்கும் பொறுப்பாக்க முடியாது. தர ஆவணத்தின் எண்ணையும் அதைச் சோதிக்கும் சொற்களையும் எழுதினால் முடியும். எந்த எண்கள், எந்தச் சொற்கள் என்பதை விளக்கவே இக்கடிதம்.

இணையத்தின் விதிகளில் பெரும்பகுதி ஆர்எஃப்சி என்ற எண்ணிட்ட ஆவண வரிசையில் வெளியாகிறது. 1969 ஏப்ரல் 7 அன்று ஸ்டீவ் கிராக்கர் எழுதிய முதல் ஆவணத்தில் தொடங்கிய வரிசை இப்போது 9,500-ஐத் தாண்டிவிட்டது. 1998-ல் மறையும் வரை ஜான் போஸ்டல் அதன் பதிப்பாசிரியராக இருந்தார். இவ்வரிசையில் ஒரு நடைமுறை உண்டு: எண் பெற்று வெளியான ஆவணத்தின் பொருளைப் பிறகு மாற்றமாட்டார்கள். திருத்தம் தேவைப்பட்டால் புதிய எண்ணில் புதிய ஆவணம் வரும். பழையது காலாவதியானது என்று குறிக்கப்படும். ஆகவே ஆவணத்தின் இணையப் பக்கத்தைத் திறந்ததும் முதலில் பார்க்க வேண்டியது அதன் தலைப்பகுதியை. இது எதை நீக்குகிறது, இதை எது நீக்கியது, எது புதுப்பித்தது, பிழைத்திருத்தம் உண்டா, இது தர வரிசையில் உள்ளதா அல்லது வெறும் தகவலுக்காக வெளியிடப்பட்டதா என்பதெல்லாம் அங்கேயே இருக்கும். தமிழ் உட்பட உலக மொழிகளை எல்லாம் இணையத்தில் சுமக்கும் யூடிஎஃப்-8 குறிமுறைக்கே மூன்று எண்கள் உள்ளன: 1996-ல் 2044, 1998-ல் 2279, 2003 நவம்பரில் 3629. நடைமுறையில் உள்ளது கடைசி எண் மட்டுமே. 2279 ஒரு குறிக்கு ஆறு பைட் (கணினி சேமிக்கும் சிறு அலகு; 0 முதல் 255 வரை ஓர் எண்) வரை அனுமதித்தது. 3629 அதை நான்காகக் குறைத்துவிட்டது. ஒப்பந்ததாரர் தரும் தாளில் 2279 என்று இருந்தால், தலைப்பகுதியைக்கூடப் பார்க்காமல் நகலெடுத்திருக்கிறார் என்று பொருள்.

இனி தமிழுக்கு வருவோம். உலக மொழிகளின் எழுத்துகளுக்கெல்லாம் பொதுவான அட்டவணையான யூனிகோடில் ஒவ்வொரு குறிக்கும் ஓர் எண் உண்டு; அதைக் குறியெண் என்று சொல்கிறேன். தமிழுக்கு ஒதுக்கிய பகுதி 2944 முதல் 3071 வரை. "க" என்பது 2965. யூடிஎஃப்-8 இதை 224, 174, 149 என்று மூன்று பைட்டுகளாக எழுதும். இப்பகுதியில் உள்ள எல்லாத் தமிழ்க் குறிகளுக்கும் மூன்று பைட்தான்; முதல் பைட் எப்போதும் 224, இரண்டாவது 174 அல்லது 175. புள்ளியும் துணைக்காலும் கொம்பும் தனித்தனிக் குறிகள். "தமிழ்" என்ற சொல் நம் கண்ணுக்கு மூன்று எழுத்து; யூனிகோடுக்கு ஐந்து குறியெண் (த, ம, இகரக் குறி, ழ, புள்ளி); வட்டில் பதினைந்து பைட். இந்த மூன்று கணக்குகளையும் ஒன்றோடொன்று குழப்பிக்கொள்வதில்தான் பாதிச் சிதைவுகள் பிறக்கின்றன.

உடைந்த எழுத்தின் தோற்றத்தைப் பார்த்தே எங்கே பிழை என்று பெரும்பாலும் சொல்லிவிடலாம். கட்டம் கட்டமாகத் தெரிந்தால் தரவுக்கு ஒன்றும் ஆகவில்லை, அந்தக் கருவியில் தமிழ் எழுத்துரு இல்லை. புள்ளிகளாலான வட்டத்தின்மேல் கொம்போ காலோ ஒட்டிக்கொண்டு நின்றால் உயிர்மெய்யை யாரோ நடுவில் வெட்டியிருக்கிறார்கள், அல்லது வரிசை மாறித் தட்டியிருக்கிறார்கள். கறுப்புச் சாய்சதுரத்துக்குள் கேள்விக்குறி தெரிந்தால் மூன்று பைட்டுக்கு நடுவில் வெட்டு விழுந்திருக்கிறது. வெறும் கேள்விக்குறிகள் வரிசையாக வந்தால் அதுதான் மிக மோசம். தமிழே இல்லாத ஒரு பழைய குறிமுறைக்குள் தமிழைத் திணித்ததால் மென்பொருள் ஒவ்வொரு குறிக்கும் ஒரு கேள்விக்குறியை எழுதிவிட்டது. மூலம் அழிந்துபோனது, எந்த மாற்றியாலும் மீட்க முடியாது. "தமிழ்" என்பது ஐந்து கேள்விக்குறிகளாக வந்தால், இழப்பு குறியெண் அளவில் நடந்திருக்கிறது. பெரும்பாலும் அது தரவுத்தளத்தில் எழுதும் இடம். எஸ்கியூஎல் சர்வர் என்ற தரவுத்தளத்தில் தமிழ் எழுத்துத் தொடரின் மேற்கோளுக்கு முன்னால் "என்" என்ற ஆங்கில எழுத்தைப் போட மறந்தாலே இது நடக்கும்.

தலையில் சாய்கோடு போட்ட ஆங்கில "ஏ", வட்டத்துக்குள் "ஆர்", ஒரு கரும்புள்ளி என்று மூன்று மூன்றாக வரும் குப்பையைப் பலரும் பார்த்திருப்பார்கள். அது யூடிஎஃப்-8 பைட்டுகளை விண்டோஸ்-1252 என்ற மேற்கு ஐரோப்பியக் குறிமுறையாகப் படித்ததன் விளைவு. இதைத் திருப்பி மாற்றிவிடலாம் என்று எல்லாரும் சொல்வார்கள், ஆனால் தமிழுக்கு அது முழு உண்மையில்லை. விண்டோஸ்-1252 அட்டவணையில் 129, 141, 143, 144, 157 ஆகிய ஐந்து இடங்கள் காலி. தமிழ்ப் புள்ளியின் பைட்டுகள் 224, 175, 141. உகரக் குறி 224, 175, 129. "ஏ" 224, 174, 143. "ஐ" 224, 174, 144. நான்கின் கடைசி பைட்டும் சரியாக அந்தக் காலியிடங்களில் போய் விழுகிறது. சில மென்பொருள்கள் அவற்றைக் கண்ணுக்குத் தெரியாத கட்டுப்பாட்டுக் குறிகளாக வைத்துக்கொள்ளும், அப்போது மீட்கலாம். சில அங்கேயே தூக்கி எறிந்துவிடும். மீட்ட பட்டியலில் மற்ற எல்லாம் சரியாக வந்து, புள்ளிகளும் உகரங்களும் மட்டும் காணாமல் போவதும், ஏழுமலையும் ஐயப்பனும் தலையெழுத்தில்லாமல் நிற்பதும் இதனால்தான். இதைத் தெரிந்துகொண்டால் சோதனைச் சொல் எதுவாக இருக்க வேண்டும் என்பதும் தெளிவாகிறது. "கமலா" என்று தட்டிப் பார்த்து, தமிழ் வருகிறது என்று கையெழுத்துப் போடக் கூடாது. "ஏழுமலை" என்று தட்டிப் பார்க்க வேண்டும். அதில் ஏ-வும் இருக்கிறது, உகரமும் இருக்கிறது.

அடுத்தது நீளம். படிவத்தில் "பெயர்: 50" என்று வைக்கிறார்கள். எதில் ஐம்பது? ஆரக்கிள் தரவுத்தளத்தில் எழுத்துப் புலத்தின் நீளத்தை மாற்றிச் சொல்லாவிட்டால் அது பைட் கணக்கு. மைஎஸ்கியூஎல், போஸ்ட்கிரெஸ் இரண்டிலும் குறியெண் கணக்கு. "மீனாட்சிசுந்தரம்" கண்ணுக்கு 9 எழுத்து, குறியெண் 16, பைட் 48. ஐம்பதுக்குள் அடங்கிவிட்டதே என்று தோன்றும். முன்னால் "கா." என்ற தலைப்பெழுத்தும் ஓர் இடைவெளியும் சேர்ந்தால் இன்னும் 8 பைட், மொத்தம் 56. ஐம்பதாவது பைட்டில் வெட்டினால் "கா. மீனாட்சிசுந்தர" என்று நிற்கும். இதில் எந்தக் கட்டமும் கேள்விக்குறியும் தெரியாது, படிக்கவும் முடியும். அதனால்தான் யார் கண்ணிலும் படாமல் சான்றிதழ் வரை போய்ச் சேர்ந்துவிடுகிறது. பிறகு வங்கியில் இரண்டு பெயரும் பொருந்தவில்லை என்று அலைவது அந்த மனிதர். பெயர்ப் புலத்தின் அளவைக் குறியெண்ணில் சொல்ல வேண்டும், தாராளமாகச் சொல்ல வேண்டும்; வெட்டியே ஆகவேண்டிய இடத்தில் யூனிகோடின் 29-ஆம் பின்னிணைப்பு வரையறுக்கும் எழுத்து எல்லையில் மட்டும் வெட்ட வேண்டும். அப்போதுதான் "ம்"-இலிருந்து புள்ளி மட்டும் கழன்று போகாது.

குறுஞ்செய்தியிலும் இதே கணக்குத்தான். அதன் விதி, கைபேசித் தரங்களை வகுக்கும் 3ஜிபிபி அமைப்பின் 23.038, 23.040 ஆகிய ஆவணங்களில் உள்ளது, இவையும் இலவசம். ஒரு குறுஞ்செய்தியின் கொள்ளளவு 140 பைட். ஆங்கிலத்துக்கு ஏழு பிட் குறிமுறை என்பதால் 160 எழுத்து பிடிக்கும். தமிழுக்கு வழக்கமாகப் பயன்படுவது குறிக்கு இரண்டு பைட் ஆகும் யூசிஎஸ்-2 என்பதால் 70 குறியெண். அதைத் தாண்டினால் பல துண்டுகளாகப் போகும். ஒவ்வொரு துண்டிலும் 6 பைட் இணைப்புத் தகவலுக்குப் போய்விட, 67 மட்டுமே மிஞ்சும். அனுப்பும் நிரல் குறிமுறைப் புலத்தில் 8 என்று போட்டால்தான் வாங்கும் கைபேசி இது யூசிஎஸ்-2 என்று அறியும். அந்த எட்டைப் போடாமல் அனுப்பினால் கேள்விக்குறிகளோ குப்பையோ வரும். துண்டுகளை இணைக்கும் தலைப்பை வைக்காமல் எழுபது எழுபதாகத் தானே வெட்டி அனுப்பும் நிரல்களும் உண்டு. அங்கேதான் அடுத்த செய்தி புள்ளிவட்டத்தோடு தொடங்குகிறது.

இதுவரை சொன்னவை எல்லாம் கண்ணுக்குத் தெரியும் சிதைவு. கண்ணுக்குத் தெரியாத சிதைவு இன்னும் கெடுதல் செய்கிறது. "கொ" என்ற எழுத்தைக் க-வோடு 3018 என்ற ஒரே குறியாலும் எழுதலாம். க-வோடு ஒற்றைக் கொம்பு 3014, துணைக்கால் 3006 என்று இரண்டு குறிகளாலும் எழுதலாம். திரையில் இரண்டும் ஒன்றே. கணினிக்கு வேறு வேறு. ஒரு பட்டியலில் "கொடைக்கானல்" முதல் வகையிலும் மற்றதில் இரண்டாம் வகையிலும் இருந்தால் தேடல் "பதிவு இல்லை" என்று சொல்லும். "கோ", "கௌ", "ஔ" ஆகியவற்றுக்கும் இதே இரட்டை வழி உண்டு. சில விசைப்பலகைகளிலும் பழைய எழுத்துருவிலிருந்து மாற்றும் நிரல்களிலும் பிரிந்த வடிவம் வெளிவருகிறது. இரண்டையும் ஒரே வடிவத்துக்குக் கொண்டுவரும் இயல்பாக்க முறை யூனிகோடின் 15-ஆம் பின்னிணைப்பில் உள்ளது. அதில் என்எஃப்சி என்பது சேர்ந்த வடிவம். இணையத்தில் எழுத்தை அனுப்புவதற்கு முன் என்எஃப்சி-க்கு மாற்ற வேண்டும் என்று 2008-ல் வந்த ஆர்எஃப்சி 5198 சொல்கிறது. பயனர்பெயருக்கும் கடவுச்சொல்லுக்கும் 8265 அதையே சொல்கிறது.

ஆனால் எவ்வளவு அழுத்தமாகச் சொல்கிறது என்பதைப் பார்க்க வேண்டும். ஆர்எஃப்சி ஆவணங்களில் கட்டளைகளுக்கு மூன்று படிகள் உண்டு: கட்டாயம்; தகுந்த காரணமின்றி மீறக்கூடாத பரிந்துரை; விருப்பம். இவற்றின் பொருளை 1997-ல் 2119 வரையறுத்தது. பெரிய எழுத்தில் அச்சிட்டிருந்தால் மட்டுமே அந்தப் பொருள் என்று 2017-ல் 8174 தெளிவாக்கியது. 5198-ல் என்எஃப்சி இரண்டாம் படியில், பரிந்துரையாகத்தான் இருக்கிறது. ஒப்பந்ததாரர் அதைச் செய்யாமலேயே "5198-ஐப் பின்பற்றுகிறோம்" என்று எழுதிக் கொடுக்க முடியும். எனவே எண்ணை மட்டும் எழுதினால் போதாது. "உள்ளீட்டிலேயே என்எஃப்சி கட்டாயம்" என்று டெண்டரே அதை உயர்த்தி எழுத வேண்டும்.

என்எஃப்சி தீர்க்காதவையும் சில உண்டு. "கௌரி" என்பதை "கெளரி" என்று, அதாவது கொம்பு போட்ட "கெ"-க்குப் பக்கத்தில் "ள" வைத்து, எழுதுவோர் மிகப் பலர். அச்சில் ஏறக்குறைய ஒன்றாகத் தெரிந்தாலும் அது கெ-ள-ரி என்ற வேறு சொல். எந்த இயல்பாக்கமும் இரண்டையும் ஒன்றாக்காது. "ஸ்ரீ" இன்னொரு சிக்கல். அதை ஸகரத்தில் தொடங்கியும் எழுதலாம், 2005-ல் யூனிகோடு 4.1-இல் சேர்ந்த ஶகரத்தில் தொடங்கியும் எழுதலாம். பல எழுத்துருக்களில் இரண்டும் ஒரே கூட்டெழுத்தாகவே தெரியும், என்எஃப்சி இரண்டையும் தொடாது. ஸ்ரீரங்கம், ஸ்ரீவில்லிபுத்தூர், ஸ்ரீவைகுண்டம் என்று ஊர்ப்பெயர்களும், இலங்கையிலும் இங்கேயும் எண்ணற்ற ஆட்பெயர்களும் இதில் மாட்டிக்கொள்கின்றன. எழுத்துகளுக்கு நடுவே ஒளிந்திருக்கும் அகலமில்லாப் பிரிப்பான் (8204), தமிழ் எண் ௧-க்குப் பதில் க, ௭-க்குப் பதில் எ ஆகியவையும் இதே வகை. இவற்றுக்கு ஒரே வழி, சேமிக்கும் வடிவத்தைத் தொடாமல், ஒப்பிடுவதற்கென்று தனியாக ஒரு திறவுச்சரம் தயாரித்து அதில் இவற்றை ஒன்றாக்குவது. பெயரையே மாற்றி எழுதிவிடும் நிரல் கூடாது. ஒருவர் தன் பெயரை எப்படி எழுதுகிறாரோ அப்படித்தான் அச்சாக வேண்டும்.

மின்கையொப்பம் உள்ள இடத்தில் வரிசை மிக முக்கியம். கையொப்பம் பைட்டுகளின்மேல் போடப்படுகிறது, கண்ணுக்குத் தெரியும் எழுத்தின்மேல் அல்ல. பிரிந்த "கொ"-வோடு கையொப்பமிட்ட சான்றிதழை, வழியில் ஏதோ ஒரு மென்பொருள் நல்லெண்ணத்தோடு என்எஃப்சி-க்கு மாற்றினால், சரிபார்ப்பு தோற்றுவிடும். உண்மையான சான்றிதழ் போலி என்று காட்டப்படும். மென்பொருள்கள் தமக்குள் பரிமாறிக்கொள்ளும் ஜேசான் வடிவத் தரவைக் கையொப்பத்துக்காக ஒரே சீர்வடிவமாக்கும் ஆர்எஃப்சி 8785, எழுத்துச் சரங்களை உள்ளபடியே விட வேண்டும், இயல்பாக்கம் செய்யக் கூடாது என்கிறது. ஆகவே இயல்பாக்கம் உள்ளீட்டில் ஒரே முறை. கையொப்பத்துக்குப் பின் எவரும் தொடக் கூடாது.

மின்னஞ்சலின் பொருள் வரியில் தமிழ் உடைவதற்குக் காரணம் 1996-ஆம் ஆண்டின் 2047-ஐச் சரியாகப் பின்பற்றாதது. தலைப்பகுதியில் ஆங்கிலமல்லாத எழுத்தைக் குறிமுறைச் சொற்களாக, தமிழுக்கு வழக்கமாக மூன்று பைட்டை நான்கு ஆங்கிலக் குறிகளாக்கும் அறுபத்துநான்கடி (பேஸ்64) முறையில், மாற்றி வைக்க வேண்டும். ஒரு குறிமுறைச் சொல் 75 எழுத்தைத் தாண்டக் கூடாது. யூடிஎஃப்-8 என்று அறிவிக்கும் முன்னொட்டுக்கும் பின்னொட்டுக்கும் 12 போனால் மீதி 63. நான்கு நான்காக அமைய வேண்டும் என்பதால் 60. அதில் அடங்குவது 45 பைட். நாற்பத்தைந்து மூன்றால் வகுபடும் என்பதால், இடைவெளியே இல்லாத தமிழில் சோதித்தால் எல்லாம் சரியாகவே தெரியும். "மாதாந்திரக் கூட்டம்" என்று அனுப்பிப் பாருங்கள். முதல் சொல் 33 பைட், இடைவெளி 1, ஆக 34. மீதி 11-இல் க, ஊகாரக் குறி, ட என்று மூன்று குறிகள் முழுதாக அடங்கி, "ட்"-டின் புள்ளியில் இரண்டு பைட் மட்டும் இந்தப் பக்கம் நிற்கும், மூன்றாவது பைட் அடுத்த குறிமுறைச் சொல்லுக்குப் போகும். ஒரு குறியை இரண்டு குறிமுறைச் சொற்களுக்கு நடுவே பிரிக்கக் கூடாது என்று 2047 வெளிப்படையாகத் தடுத்திருக்கிறது. சில மின்னஞ்சல் செயலிகள் துண்டுகளை ஒட்டவைத்த பிறகு படிப்பதால் தவறு மறைந்துவிடும், சிலவற்றில் சாய்சதுரங்கள் தெரியும். "என் கணினியில் சரியாக வருகிறதே" என்று அனுப்பியவர் சொல்வது இதனால்தான். 43 பைட்டோடு அந்தச் சொல்லை முடித்திருந்தால் சிக்கலே இல்லை.

மின்னஞ்சல் முகவரியே தமிழில் இருக்கலாம் என்று 2012-ல் 6531 வழி திறந்துவிட்டது. .இந்தியா, .இலங்கை, .சிங்கப்பூர் என்ற தமிழ் மேல்நிலைக் களப்பெயர்கள் பல ஆண்டுகளாக உள்ளன. ஆனால் முகவரி ஆங்கில எழுத்தில்தான் முடிய வேண்டும் என்று அடம்பிடிக்கும் படிவங்கள் இன்றும் ஏராளம். முகவரியின் முன்பகுதிக்கு 5321 தரும் வரம்பு 64 பைட் என்பதால் தமிழில் 21 குறியெண் வரை வைக்கலாம். அதற்கேற்பச் சரிபார்ப்பு விதியை எழுதினால் போதும்.

பட்டியல்களைத் துறைகள், புலங்களைக் காற்புள்ளியால் பிரித்து எழுதும் சிஎஸ்வி கோப்பாகப் பரிமாறிக்கொள்கின்றன. அதன் ஆவணம் 2005-ல் வந்த 4180. அது தகவலுக்கான ஆவணம் மட்டுமே. இயல்புக் குறிமுறை யூடிஎஃப்-8 என்பது 2014-ல் 7111 புதுப்பித்த பிறகுதான் வந்தது. 4180-ஐ மட்டும் சுட்டும் டெண்டர் தமிழைப் பற்றி ஒன்றுமே சொல்லவில்லை என்று பொருள். கோப்பின் தொடக்கத்தில் 239, 187, 191 என்ற மூன்று பைட் அடையாளம் இல்லாவிட்டால், எக்செல்லில் இரட்டைச் சொடுக்கில் திறக்கும்போது அது கணினியின் பழைய குறிமுறையாகப் படிக்கப்படலாம். மேலே சொன்ன மூன்று மூன்று குப்பை அங்கேதான் அதிகம் பிறக்கிறது. குப்பையைப் பார்த்தவர் அப்படியே "சேமி" என்று அழுத்திவிட்டால் மூலக் கோப்பும் போயிற்று. எனவே எக்செல்லுக்குப் போகும் சிஎஸ்வி-யில் அந்த அடையாளம் வேண்டும். ஆனால் வலைவழி அனுப்பும் ஜேசானில் அதே மூன்று பைட்டைச் சேர்க்கவே கூடாது என்று 2017-ஆம் ஆண்டின் 8259 கட்டாயமாகத் தடுக்கிறது. இரண்டுக்கும் ஒரே ஏற்றுமதி நிரலை வைத்துக்கொண்டு தவிக்கும் அமைப்புகள் உண்டு. "12, வடக்கு மாட வீதி" போன்ற முகவரியில் காற்புள்ளி இருப்பதால் புலத்தை இரட்டை மேற்கோளுக்குள் வைக்க வேண்டும், உள்ளே மேற்கோள் வந்தால் இரட்டிக்க வேண்டும் என்பதும் 4180-இல்தான் இருக்கிறது. கூடவே ஒன்று: எக்செல் 15 இலக்கத்துக்கு மேல் துல்லியம் வைத்துக்கொள்ளாது. பதினாறு இலக்கக் கணக்கு எண்ணின் கடைசி இலக்கம் சுழியாகிவிடும். கணக்கு எண், தொலைபேசி எண் எல்லாம் எழுத்தாகவே போக வேண்டும். தேதிக்கு 3339 இருக்கிறது: ஆண்டு-மாதம்-நாள்; நேரத்தோடு வந்தால் +05:30 சேர்த்து.

அகரவரிசை பற்றிச் சுருக்கமாக. குறியெண் வரிசையில் அடுக்கினால் ர-வுக்கு அடுத்து ற, ள-வுக்கு அடுத்து ழ, ந-வுக்கு அடுத்து ன வந்து நிற்கும். புள்ளியின் எண் 3021 என்பதால் "க்" போய்க் "கௌ"-க்குப் பின்னால் உட்காரும். யூனிகோடின் பத்தாம் தொழில்நுட்பத் தரமும், மொழிவாரி வழக்கங்களின் தொகுப்பான சிஎல்டிஆர் தரும் தமிழ் வரிசையும் இதைச் சரிசெய்கின்றன. தரவுத்தளத்தில் அந்த வரிசையைத் தேர்ந்தெடுத்தால் முடிந்தது.

பழைய பத்திரங்களையும் நில ஆவணங்களையும் எண்ணிமப்படுத்துவோர் இன்னொன்றைக் கவனிக்க வேண்டும். முந்திரி, காணி, மா முதலிய பின்னக் குறிகளும் பழைய அளவைக் குறிகளும் 2019-ல் யூனிகோடு 12.0-இல் தமிழ்த் துணைப்பகுதியாகச் சேர்ந்தன. அவற்றின் எண்கள் 73664-இல் தொடங்குகின்றன. யூடிஎஃப்-8-இல் நான்கு பைட். மைஎஸ்கியூஎல்லில் நீண்ட காலமாக "யூடிஎஃப்8" என்ற பெயரில் இருந்தது மூன்று பைட் வரை மட்டுமே கொள்ளும். பொருந்தாத தரவை மறுக்கும் கண்டிப்பு முறை அணைந்திருந்தால், முந்திரிக் குறி வந்த இடத்திலிருந்து அந்தப் புலத்தின் மீதி முழுவதும் எச்சரிக்கையோடு வெட்டப்பட்டுவிடும். அந்த எச்சரிக்கையை யாரும் படிப்பதில்லை. "யூடிஎஃப்8எம்பி4" என்று கேட்டு வாங்க வேண்டும்.

பாமினி, வானவில் போன்ற பழைய எழுத்துருக்களில் தட்டிய கோப்புகள் இன்னும் அலமாரி அலமாரியாக இருக்கின்றன. அவற்றுக்குள் இருப்பது ஆங்கிலக் குறியெண்கள்; மேலே தமிழ் உருவம் மட்டும் போர்த்தப்பட்டிருக்கிறது. மாற்றுவதற்கு ஒவ்வோர் எழுத்துருவுக்கும் தனி அட்டவணை வேண்டும், மெய்க்கு முன்னால் தட்டிய கொம்பை மெய்க்குப் பின்னால் நகர்த்த வேண்டும், நடுவே வரும் உண்மையான ஆங்கிலச் சொற்களைத் தொடாமல் விட வேண்டும். மாற்றி முடித்த பிறகு என்எஃப்சி. தமிழ்நாடு அரசு 2010-ல் யூனிகோடோடு சேர்த்து ஏற்ற டேஸ்-16 குறிமுறை யூனிகோடின் தனிப்பயன் பகுதியில் அமைந்தது. அந்தப் பகுதியின் எண்களுக்கு வெளியுலகில் நிலையான பொருள் கிடையாது. அதில் உள்ள கோப்பை வெளியே அனுப்பும் முன் வழக்கமான யூனிகோடாக மாற்றியே ஆகவேண்டும்.

டெண்டரில் எழுத வேண்டியது இதுதான். எல்லா உள்ளீடும் சேமிப்பும் வெளியீடும் ஆர்எஃப்சி 3629-இன்படி யூடிஎஃப்-8, நான்கு பைட் குறிகள் உட்பட. பெயர், முகவரி ஆகியவை உள்ளீட்டில் என்எஃப்சி கட்டாயம், கையொப்பத்துக்குப் பின் மாற்றம் கூடாது. புல நீளம் குறியெண்ணில். சிஎஸ்வி 4180-உம் 7111-உம், ஜேசான் 8259, தேதி 3339, மின்னஞ்சல் தலைப்பு 2047, முகவரி 6531, குறுஞ்செய்தி 23.038. இத்தனையும் ஒரு பக்கத்துக்குள் அடங்கும். அதோடு ஒரு சோதனைப் பட்டியல்: ஏழுமலை, ஐயப்பன், கா. மீனாட்சிசுந்தரம், இருவகைக் குறிகளில் கொடைக்கானல், இருவகையில் ஸ்ரீரங்கம், கௌரி, ஒரு முந்திரிக் குறி, பொருள் வரியில் "மாதாந்திரக் கூட்டம்". இவற்றைப் படிவத்தில் இட்டு, தரவுத்தளத்திலிருந்தும் சிஎஸ்வி, ஜேசான், குறுஞ்செய்தி, மின்னஞ்சல், அச்சுச் சான்றிதழ் ஆகிய ஒவ்வொரு வாயிலிலிருந்தும் வெளியே எடுத்து, உள்ளே போனதோடு ஒப்பிட வேண்டும். கோப்பாகவோ செய்தியாகவோ வருவதைக் குறியெண் அளவில் ஒப்பிட வேண்டும், கண்ணால் பார்த்தால் போதாது. பிரித்து இட்ட "கொ" மட்டும் சேர்ந்த வடிவில் வெளியே வர வேண்டும். ஏற்புச் சோதனையில் இது தேறாமல் இறுதித் தவணையை விடுவிக்கக் கூடாது என்று ஒப்பந்தத்திலேயே சேர்க்கலாம்.

ஒவ்வொரு துறையும் இதைத் தனித்தனியே எழுதத் தேவையில்லை. தகவல் தொழில்நுட்பத் துறை ஒரே பின்னிணைப்பாக வெளியிட்டு, ஆண்டுக்கு ஒருமுறை ஆவணத் தலைப்பகுதிகளைப் பார்த்து காலாவதியான எண்களை மாற்றினால், மற்ற எல்லாத் துறைகளும் அதை அப்படியே டெண்டரோடு இணைத்துக்கொள்ளலாம். அத்துறை இதைச் செய்ய வேண்டும் என்று தங்கள் நாளிதழ் வாயிலாகக் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
மென்பொருள் சோதனைப் பொறியாளர்,
திருச்சிராப்பள்ளி